ஹம்பியில் ஒரு நீராட்டு மண்டபம்

பொட்டிபுரத்துப் பக்கத்து மக்களுக்குத் தண்ணீரின் அருமையை எவரும் மறையுரையில் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. தலைக்கு மேலே மேற்குமலை நிற்கிறது. அதன் உச்சியில் ஏலக்காட்டில் மழை கொட்டுகிறது. அடிவாரத்து மண்ணோ பெரும்பாலும் மானாவாரி. காய் எடுக்க மலையேறும் பெண்கள் அட்டைக்கடியோடும் நனைந்த சேலையோடும் மாலையில் ஜீப்பில் இறங்கி வந்து, ஒரு குடம் தண்ணீருக்காகக் குழாயடியில் நிற்பதை நாம் பல ஆண்டுகளாகக் கண்டிருக்கிறோம். 2015-இல் ஒன்றிய அமைச்சரவை நியூட்ரினோ ஆய்வகத்திற்கு ஒப்புதல் அளித்தபோது இவ்வூரின் பெயர் நாடெங்கும் செய்தித்தாள்களில் அடிபட்டது. அதற்கு முன்னும் பின்னும் இவ்வூரார் பேசிய பேச்சில் பாதி தண்ணீரைப் பற்றியதே.

இத்தகைய ஊர்களிலிருந்து பதினெட்டுப் பேரை அழைத்துக்கொண்டு நாம் ஹம்பிக்குப் போனோம். திருத்தலப் பயணம் என்றுதான் முதலில் திட்டமிட்டிருந்தோம். கோவாவில் புனித சவேரியாரின் திருவுடலை வணங்கிவிட்டுத் திரும்பும் வழியில் ஹொசப்பேட்டையில் இறங்கி ஒரு நாள் தங்கலாம் என்பது பயணத்தில் பின்னால் சேர்ந்த ஓர் இணைப்பு. "இடிஞ்ச கோட்டையில என்ன சாமி இருக்கு?" என்று சிலர் முணுமுணுத்தார்கள். நமக்கோ ஒரு காரணம் இருந்தது. போடி அரண்மனையின் சுவர்களில் தீட்டப்பட்டிருக்கும் இராமாயண ஓவியங்களை நம்மவர் அறிவர். அந்தப் பாளையக்காரரின் முன்னோர் வடக்கே குத்தி எனும் ஊரிலிருந்து வந்தோர் என்பது வழிவழிச் செய்தி. விசயநகரத்தின் ஆணையால் விசுவநாத நாயக்கர் மதுரையில் ஆட்சி அமைத்ததும், அந்நாயக்கர் ஆட்சியில் எழுபத்திரண்டு பாளையங்கள் வகுக்கப்பட்டதும், அவற்றுள் ஒன்று போடியானதும் வரலாறு. நம் மலையடிவாரத்து வீடுகள் பலவற்றில் இன்றும் தெலுங்கும் கன்னடமும் பேசப்படுகின்றன. அம்மொழிகள் எந்த வழியாக நடந்து வந்தனவோ, அந்த வழியைத் திரும்பிப் பார்க்கலாம் என்பதே நம் எண்ணம்.

ஹம்பியில் பார்க்க வேண்டியவை ஏராளம். கல் தேரையும் விருபாட்சர் கோயிலையும் எல்லாரும் எழுதிவிட்டார்கள். நாம் எழுதப்போவது அரசியின் குளியலகம் என்று பலகை சொல்லும் ஒரு கட்டடத்தைப் பற்றி.

அரண்மனை வளாகத்தின் தென்கிழக்கே, பாதையோரத்தில் அது இருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றுமேயில்லை. காரை உதிர்ந்த வெறுஞ்சுவர். பக்கத்திற்கு ஏறத்தாழ முப்பது மீட்டர் நீளமுள்ள சதுரம். சுற்றிலும் அகழி போன்ற ஒரு வாய்க்கால். நெல் கிடங்கோ என்று நம்மவருள் ஒருவர் கேட்டார். வாய்க்காலைக் கடந்து உள்ளே நுழைந்ததும் எல்லாரும் பேச்சை நிறுத்தினார்கள். நாற்புறமும் வளைவுகள் தாங்கும் தாழ்வாரம். அதன் மேற்கூரையில் கட்டத்திற்குக் கட்டம் வெவ்வேறாகச் சுதையில் பூவும் இலையுமாய் வேலைப்பாடு. நடுவில் வானம் பார்த்த தொட்டி. தொட்டியின்மீது நீட்டிக்கொண்டிருக்கும் மாடங்கள். அவற்றில் சிறு சிறு சாளரங்கள். அவற்றைத் தாங்கும் தண்டயங்களின் நுனியில் தாமரை மொட்டுகள். தொட்டி பக்கத்திற்குப் பதினைந்து மீட்டர். ஆழம் ஆறடிக்குச் சற்றுக் குறைவு. இறங்குவதற்குப் படிகள். ஒரு புறத்தில் நீர் வந்து விழுந்த வாய்க்காலின் முடிவு தெரிகிறது. இப்போது ஒரு சொட்டு நீர் இல்லை. அடியில் புல் முளைத்திருந்தது.

வளைவுகளும் குவிந்த கூரைகளும் இசுலாமியக் கட்டடக் கலையைச் சார்ந்தவை; மொட்டும் தண்டயமும் நம் கோயில் தச்சர் அறிந்தவை. பகைவரின் கலையைத் தன் குளிக்கும் இடத்திற்கு அழைத்துக்கொள்ள விசயநகரம் தயங்கவில்லை. கோயிலுக்கு ஒரு பாணி, உலகியல் வாழ்வுக்கு மற்றொரு பாணி என்று அவ்வரசர்கள் பிரித்து வைத்திருந்தார்கள் போலும். 1565-இல் தலைக்கோட்டைப் போரில் தோற்று நகரம் சூறையாடப்பட்டபின் மிஞ்சி நிற்பவற்றுள் இதுவும் ஒன்று. அரசியின் குளியலகம் என்னும் பெயர் பிற்காலத்தார் இட்டது. அந்தப்புரம் என்று காட்டப்படும் வளாகம் இங்கிருந்து வடமேற்கே தள்ளி இருக்கிறது. ஆகையால், அரசனும் அவனைச் சேர்ந்தோரும் நீர் விளையாடிய இடமாக இருக்கலாம் என்று கருதும் அறிஞர் உண்டு. பெண்களுக்கென்று கட்டியதாகச் சொன்னால் பார்க்க வருவோர்க்குச் சுவை கூடும் என்று பெயரிட்டவர் நினைத்திருக்கலாம். அது நம் ஊகம் மட்டுமே.

கிருட்டிணதேவராயர் எப்படிக் குளித்தார் என்பது நமக்கு ஓரளவு தெரியும். 1520-ஐ ஒட்டி விசயநகரத்திற்கு வந்த தொமிங்கோ பயஸ் என்னும் போர்த்துக்கீசியர் அதை எழுதி வைத்திருக்கிறார். இராபர்ட் சூவெல் 1900-இல் வெளியிட்ட நூலின் வழியாக அக்குறிப்புகள் உலகறிய வந்தன. விடியுமுன் எழுந்து அரசர் ஒரு குவளை நல்லெண்ணெய் குடிப்பாராம். உடம்பெல்லாம் அதே எண்ணெயைத் தேய்த்துக்கொண்டு, எடை தூக்கி, வாள் சுழற்றி, எண்ணெய் முழுவதும் வியர்வையாய் வெளியேறும்வரை பயில்வாராம். மல்லரோடு மற்போர் செய்வாராம். பின் குதிரையேறிப் பொழுது புலரும்வரை வயல்வெளியில் ஓட்டுவாராம். அதற்குப் பிறகுதான் நீராட்டு. அரசரைக் குளிப்பாட்டுவதற்கென்றே, புனிதராக மதிக்கப்பட்ட ஓர் அந்தணர் இருந்தார். குளித்தபின் அரண்மனைக்குள்ளிருந்த கோயிலில் வழிபாடு. அதன்பின் அரசாங்க அலுவல்.

இதை நாம் தாழ்வாரத்தில் நின்று சொன்னபோது, எண்ணெய் குடிக்கும் செய்தியில் எல்லாரும் சிரித்தார்கள். பயஸ் சிரித்ததாகத் தெரியவில்லை; அவர் வியந்திருக்கிறார். அக்காலத்து ஐரோப்பாவில் குளியல் அருகி வந்த காலம். வெந்நீர் தோலின் துளைகளைத் திறந்துவிடும், அவற்றின் வழியே நோய் புகும் என்று மருத்துவர்களே அஞ்சினார்கள். பொதுக் குளியலகங்கள் ஒன்றன்பின் ஒன்றாக மூடப்பட்டன.

திருச்சபை தொடக்கத்திலிருந்தே குளியலுக்குப் பகையாக இருந்ததாக எண்ணிவிடக் கூடாது. உரோமைப் பேரரசின் குளியலகங்களுக்குக் கிறித்தவரும் சென்றனர். தாங்களும் பிறரைப் போலவே சந்தைக்கும் குளியலகத்திற்கும் வருவோர்தாம் என்று தெர்த்தூலியன் வாதாடியிருக்கிறார். எபேசு நகரில் திருத்தூதர் யோவான் குளிக்கச் சென்றவர், உள்ளே செரிந்து என்னும் பொய்ப்போதகன் இருப்பதைக் கண்டு, கூரை இடிந்து விழுமென்று சொல்லிக் குளிக்காமலேயே வெளியே ஓடிவந்துவிட்டார் என்று பொலிக்கார்ப்பு கூறியதாக இரனேயு எழுதுகிறார். குரு மாணவராய் அதைப் படித்தபோது நாம் சிரித்தது நினைவிருக்கிறது. தாய் மோனிக்காவை அடக்கம் செய்த நாளில் துயரம் தாளாமல் அகுஸ்தீன் குளிக்கப் போனார். குளித்தும் துயரம் கழுவப்படவில்லை என்று தம் நூலில் ஒப்புக்கொள்கிறார். லாத்தரன் திருமுழுக்கு மண்டபத்தின் அடியில் பழைய குளியலகத்தின் எச்சங்களை அகழாய்வாளர் கண்டிருக்கிறார்கள். தியோக்கிளேசியன் பேரரசன் கட்டிய மாபெரும் குளியலகத்தின் ஒரு பகுதியை, 1561-இல் நான்காம் பத்திநாதரின் விருப்பப்படி, மிக்கேலாஞ்சலோ கோவிலாக மாற்றத் திட்டமிட்டுக் கொடுத்தார். நம் தமிழிலோ இன்னும் நெருக்கம்: அன்று ஞானஸ்நானம், இன்று திருமுழுக்கு. இரண்டுமே குளியல்தாம்.

அந்தத் தாழ்வாரத்தில் நாம் மக்களுக்குச் சொல்ல விரும்பியது வேறொரு குளியலைப் பற்றி. விசயநகரம் வீழ்ந்து நாற்பத்தொரு ஆண்டுகள் கழிந்து, 1606 நவம்பரில், இராபர்ட் தெ நொபிலி மதுரைக்கு வந்து சேர்ந்தார். நாம் தத்துவ போதகர் என்று வணங்கும் இயேசு சபைத் துறவி. அவருக்கு முன்னரே மதுரையில் கொன்சாலோ பெர்னாண்டஸ் என்னும் பங்குகுரு இருந்தார். கடற்கரையிலிருந்து வந்த பரதவ மக்களுக்குப் பணியாற்றிக்கொண்டிருந்தார். ஊராரோ அவரது சமயத்தைப் 'பரங்கி மார்க்கம்' என்றனர். மாட்டிறைச்சி உண்போர், மது அருந்துவோர், குளிக்காதோர்: பரங்கியர் என்றால் அவர்கள் கண்ணில் இவ்வளவுதான். நொபிலி காவியுடுத்தார்; மரக்காலணி அணிந்தார்; மரக்கறி மட்டும் உண்டார்; அந்தணர் சமைத்ததையே ஏற்றார்; நாள்தோறும் குளித்துவிட்டே திருப்பலிக்குச் சென்றார்.

இந்தக் குளியல்தான் கோவாவிலும் உரோமையிலும் வழக்காயிற்று. பூணூல், குடுமி, சந்தனம், குளியல் என்று நான்கு குற்றச்சாட்டுகள். சமயச் சடங்கா, நாட்டு வழக்கமா என்பதே கேள்வி. 1619-இல் கோவாவில் கூடிய அவையில் பேராயர் கிறித்தோவாம் தெ சா எதிர்த்தார். கிராங்கனூர் பேராயர் பிரான்சிஸ்கோ ரோஸ் ஆதரித்தார். நொபிலி இலத்தீனில் நீண்ட விளக்கங்கள் எழுதினார். ஒரு நாட்டார் செய்வன எல்லாம் வழிபாடு ஆகா. உடையும் உணவும் தூய்மையும் குடிமை வாழ்வைச் சார்ந்தவை என்பது அவர் கருத்தின் சாரம். 1623 சனவரி 31-இல் திருத்தந்தை பதினைந்தாம் கிரகோரி தீர்ப்பளித்தார். உடல் தூய்மைக்காகக் குளிக்கலாம். மூட எண்ணம் கலவாமல் இருந்தால் போதும். தமிழன் குளித்துவிட்டுக் கோவிலுக்குப் போவதற்கு உரோமையிலிருந்து ஆணையோலை வரவேண்டியிருந்தது!

பண்பாட்டுமயமாதல் என்று இரண்டாம் வத்திக்கான் சங்கத்திற்குப் பின் நாம் பேசுவதை, மூன்றரை நூற்றாண்டுகளுக்கு முன்னரே ஒருவர் வைகைக் கரையில் வாழ்ந்து காட்டினார் என்று நாம் சற்றுப் பெருமையோடுதான் முடித்தோம். பலமுறை மறையுரையில் சொல்லிப் பழகிய செய்தி அது, நன்றாகவே வந்தது.

அப்போது நம்மோடு வந்திருந்த மூதாட்டி ஒருவர் கேட்டார்: "அந்தச் சாமி எங்க வளவுக்கு வந்திருப்பாரா சாமி?"

அவர் இளமையில் ஏலத்தோட்ட வேலைக்குப் போனவர். அவர் பிறந்த ஊர்க் குளத்தில் அவர்கள் இறங்கக் கூடாது என்றிருந்தது. கரையில் குடத்தை வைத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். மனமிரங்கி யாராவது மொண்டு ஊற்றினால் உண்டு. மலைமேல் லயத்து வீட்டுக்குப் போனபிறகுதான் வயிறார ஒரு குளியல் கிடைத்தது என்று முன்பொருமுறை நம்மிடம் சொல்லியிருந்தார். 'வயிறார' என்றுதான் சொன்னார்.

அவர் கேட்டதற்கு உடனே விடை சொல்ல நம்மால் முடியவில்லை. தெரியாததால் அன்று. நொபிலியின் குளியல் அழுக்கை மட்டும் நீக்கிய குளியல் அன்று. தீட்டை நீக்கும் குளியலாக மதுரை அதைப் பார்த்தது. பார்க்கட்டும் என்றே அவரும் குளித்தார். தீட்டு நீங்குகிறது என்றால் தீட்டாகிய மனிதர் எங்கோ இருக்கிறார் என்று பொருள். பகலில் அவர் அந்த வளவுக்குள் கால் வைத்திருந்தால் மறுநாள் அந்தணர் எவரும் அவர் குடிசைக்கு வந்திருக்கமாட்டார். இதை அறிந்தே அவருக்குப் பின் வந்தோர் ஓர் ஏற்பாடு செய்தார்கள். 1640-ஐ ஒட்டி, பல்தசார் தா கோஸ்தா முதலியோர் பண்டாரசாமிகள் என்னும் கோலத்தில் தாழ்த்தப்பட்ட மக்களிடம் சென்றனர். ஒரே சபை, சந்நியாசிகளுக்கு ஓர் ஒழுக்கம், பண்டாரங்களுக்கு மற்றொன்று. திருச்சபை வளர்ந்தது, வேலியும் அதனோடு உள்ளே வந்தது.

கிரகோரியின் ஆணையோலையை நாம் மேடைகளில் பாதிதான் சொல்கிறோம். அதன் இறுதியில் ஒரு மன்றாட்டு உள்ளது. தம் குலப்பெருமையை எண்ணி எளியோரை இகழ வேண்டாம். கோவிலில் இறைவார்த்தை கேட்கும்போதும் அருள்சாதனங்களைப் பெறும்போதும் அவர்களிடமிருந்து விலகி நிற்க வேண்டாம் என்று, கிறித்துவின் பேரன்பை முன்னிட்டுத் திருத்தந்தை உயர்குலத்தாரைக் கெஞ்சிக் கேட்கிறார். முன்பகுதி அனுமதி, அதை உடனே எடுத்துக்கொண்டோம். பின்பகுதி வேண்டுகோள், அது வேண்டுகோளாகவே நின்றுவிட்டது. 1704-இல் புதுச்சேரியில் திருத்தந்தையின் தூதர் தூர்னோன் வெளியிட்ட கட்டளைகளில் குளியல் மீண்டும் வருகிறது. சடங்காய்க் குளிப்பது தடுக்கப்பட்டது. அதே பட்டியலில் மற்றொரு விதியும் இருக்கிறது: நோயுற்ற தாழ்த்தப்பட்டோரை அவர்கள் வீட்டிற்கே சென்று குருக்கள் சந்திக்க வேண்டும். ஒரு குரு நோயாளியின் வீட்டிற்குப் போக வேண்டும் என்று சட்டம் எழுத வேண்டியிருந்தது என்றால், அதுவரை நடந்தது என்ன என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. 1744-இல் பதினான்காம் ஆசீர்வாதப்பர் அதை மீண்டும் வலியுறுத்த வேண்டியிருந்தது. அப்போதும் அந்தப் பணிக்கென்று தனிக் குருக்களை ஒதுக்கித்தான் வழி கண்டார்கள். பிற்காலத்தில் கோவிலுக்குள் சுவர் எழுப்பிய ஊர்களும், கல்லறைத் தோட்டத்தைப் பிரித்த ஊர்களும் நம் தமிழகத்தில் இருந்தன. 1927 மார்ச்சு 20-இல் மகாது நகரின் சௌதார் குளத்தில் அம்பேத்கர் இறங்கி ஒரு கை நீர் அள்ளிக் குடித்தபோது, அதைப் பற்றி நம்மவர் எத்தனை கோவில்களில் பேசியிருப்பார்கள்?

நொபிலியைக் குறைத்துப் பேசுவது நம் நோக்கமன்று. அவரளவு தமிழ் கற்று, அவரளவு உடலை வருத்தி, பார்வை மங்கிய முதுமையிலும் எழுதிக்கொண்டிருந்து, 1656-இல் மயிலாப்பூரில் இறந்தவரைப் பார்த்துக் குறைசொல்லும் தகுதி நமக்கில்லை. இருந்தாலும், அந்த அம்மாவின் கேள்விக்கு 'ஆம்' என்று சொல்லவும் நம்மால் இயலவில்லை. "வந்திருக்கமாட்டார் அம்மா" என்றோம். அவர் தலையசைத்தார். வியப்படைந்ததாகத் தெரியவில்லை. வெற்றுத் தொட்டியையே சற்றுநேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "இம்புட்டுத் தண்ணியும் எங்கருந்து வந்துச்சு?" என்று வேறு கேள்விக்குப் போய்விட்டார்.

அது நல்ல கேள்வி. அதற்கு விடை கையருகிலேயே இருந்தது. அரண்மனை வளாகத்திற்குள் நடந்தால் கல் தூண்களின்மேல் கல்லில் குடைந்த நீண்ட வாய்க்கால் ஓடுவதைக் காணலாம். அது சென்று சேரும் இடங்களுள் ஒன்று படிக்கட்டுக் குளம். 1980-களில் மண்ணைத் தோண்டியபோது வெளிப்பட்டது. கருங்கற்களை அடுக்கடுக்காய் இறக்கிக் கட்டியது. எந்தக் கல் எந்தப் பக்கத்தில் எந்த வரிசையில் அமர வேண்டும் என்று கொத்தர்கள் கல்லிலேயே குறியிட்டிருக்கிறார்கள். அந்த எழுத்துகளை நம்மவர் தடவித் தடவிப் பார்த்தார்கள். ஓவியத்தையும் சுதையையும் விட இதுவே அவர்களைக் கவர்ந்தது. இன்னும் கிழக்கே எண்கோண வடிவில் ஒரு பெரிய குளியலகம்; நடுவில் மேடை, சுற்றிலும் தூண் வரிசை. வெயில் ஏறிவிட்டதால் அதை நாம் சரியாகப் பார்க்கவில்லை. துங்கபத்திரையிலிருந்து அக்காலத்தில் வெட்டிய கால்வாய்களுள் சில இன்றும் நெல்லுக்கும் வாழைக்கும் பாய்கின்றன. அரசன் குளித்த தொட்டி வறண்டுவிட்டது. குடியானவன் வயலுக்குப் போன வாய்க்கால் வறளவில்லை. பெரியாற்று நீர் 1895-இல் மலையைக் குடைந்து இறங்கி வந்த கதையைக் கேட்டு வளர்ந்த கம்பம் பள்ளத்தாக்கு மக்களுக்கு இதைத் தனியே விளக்கத் தேவைப்படவில்லை.

பேருந்தில் திரும்பும்போது யோவான் நற்செய்தியின் ஐந்தாம் அதிகாரம் நம் நினைவில் ஓடியது. பெத்சதா குளம், ஐந்து மண்டபங்கள். எருசலேமில் புனித அன்னாள் கோவிலையொட்டிய அகழாய்வில் இரட்டைக் குளமாய் அது கிடைத்திருக்கிறது. அங்கே முப்பத்தெட்டு ஆண்டுகளாய்க் கிடந்த மனிதன் தன்னைக் குளத்தில் இறக்கிவிட ஆளில்லை என்கிறான். குருமடத்தில் நாம் இப்பகுதியைப் படித்தபோது, நீர் கலங்கியது எதனால், வானதூதரைப் பற்றிய வசனம் மூலபாடத்தைச் சேர்ந்ததா என்பதையெல்லாம் ஆராய்ந்தோம். ஆளில்லை என்றானே, ஏன் இல்லாமற்போனது என்று யாரும் கேட்டதாக நினைவில்லை. இயேசு அவனைக் குளத்தில் இறக்கவில்லை என்பதையும் அன்றுதான் கவனித்தோம். குளத்தைத் தொடாமலே அவன் எழுந்து நடக்கிறான்.

மாலையில் விருபாட்சர் கோயிலுக்குப் பின்னே ஆற்றுப் படித்துறைக்குப் போனோம். கோயில் யானையைக் காலையில் குளிப்பாட்டும் இடம் அதுதான் என்றார்கள். அக்கரைக்குப் போகும் படகுக்காகச் சிலர் நின்றிருந்தார்கள். எங்கெங்கிருந்தோ வந்த மக்கள், யார் யாரென்று யாரும் கேளாமல், முழங்காலளவு நீரிலும் இடுப்பளவு நீரிலும் நின்று குளித்துக்கொண்டிருந்தார்கள். சீயக்காயும் சோப்பு நுரையும் ஒன்றாய்க் கலந்து ஓடின. பயண ஏற்பாட்டாளர் கைக்கடிகாரத்தைக் காட்டி, இரயிலுக்கு நேரமாகிறது என்று அவசரப்படுத்தினார். அந்த அம்மா அதைப் பொருட்படுத்தவில்லை. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு படியிறங்கிப் போனார். மூன்று முறை மூழ்கி எழுந்தார். முகத்தை வழித்துக்கொண்டு மேலே நின்ற நம்மைப் பார்த்தார்.

"தண்ணி நல்லாருக்கு சாமி. செருப்பக் கழட்டிட்டு எறங்குங்க."